வாசமில்லாத புளிப்பு

வெங்காயத்தைப் பாதியாய்ப் பிளந்து, பிறை பிறையாக நறுக்கி, உப்புப் போட்டுக் கையால் பிசைந்து, அதன்மேல் ஒரு சிட்டிகை சிவப்புப் பொடியைத் தூவி மூடி வைத்த பிறகுதான் சீதைக்கு மற்ற வேலை. குழம்பு கொதிக்கட்டும், சோறு குழையட்டும், விருந்தாளி வாசலில் பெட்டியோடு வந்து நிற்கட்டும், அந்த வெங்காயம் ஊறியாக வேண்டும். பிறகு தட்டை மடியில் வைத்துக்கொண்டு, அடுப்படிக்குப் பின்னால் இருக்கும் படியில் ஒருக்களித்து உட்கார்ந்து, சோற்றோடு தொட்டுத் தின்பாள். தின்னும்போது முகத்தில் ஒரு சந்தோஷமும் தெரியாது. மாத்திரை விழுங்குகிறவள் போலத்தான் இருக்கும். ஆனாலும் ஒரு நாள் விட்டதில்லை.

காரைக்குடியில் பெரிய வீடொன்றை விடுதியாக்கியிருக்கிறார்கள். பங்காளிகள் எல்லாரும் தலையாட்டி முடிப்பதற்குள் உரிமைக்காரர் மெய்யநாதனுக்குத் தலை நரைத்துவிட்டது. அந்த விடுதியின் சமையற்கட்டில் சீதை இரண்டாவது ஆள். முதல் ஆள் ஈஸ்வரன். ஊரே மாஸ்டர் என்று கூப்பிடும், தன்னைத் தவிர வேறு யாருக்கும் கோழி வதக்கத் தெரியாது என்று மனதார நம்புகிற மனிதர். சீதைக்கு ஐம்பது தாண்டிவிட்டது. ஒல்லியான உடம்பு, எண்ணெய் தேய்த்து இறுக்கி முடிந்த கொண்டை, முழங்கால் இரண்டிலும் வலி. எதைக் கேட்டாலும் அவளிடமிருந்து முதலில் வருகிற பதில், "ஆகட்டும், பாப்போம்." அதற்கு மேல் பேசுகிற தெம்பைச் சேர்த்து வைத்துக்கொள்கிறவள் மாதிரி சொல்வாள்.

இருபது வருஷத்துக்கு மேல் குவைத்தில் வீட்டு வேலை பார்த்தவள். அந்த ஊர் அவள் வாயில் இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. பாத்திரம் தேய்க்கிற பெண்கள் அசந்து நின்றால் "யல்லா, யல்லா" என்று விரட்டுவாள். "மிச்சப் பாலைத் தல்லாஜாவுல வையி" என்பாள். தல்லாஜா என்றால் குளிர்பெட்டி. புதிதாக வேலைக்குச் சேர்ந்த கிருத்திகா என்கிற பெண், அது யாரோ ஒரு ராஜா வீட்டுப் பேர் என்று நினைத்துக்கொண்டு ஒரு வாரம் பாலை வெளியிலேயே வைத்துத் திரிய விட்டிருக்கிறாள். சீதை அதற்கும் கோபப்படவில்லை. "போகுது, மோரு ஊத்திக்க" என்றதோடு சரி.

அந்தப் பொடிக்கு சுமாக் என்று பெயர். வத்தல்பொடியைவிடக் கருத்த சிவப்பு, நாவற்பழக் கறை காய்ந்த மாதிரி. விரலில் தேய்த்தால் நறநறக்கும். மூக்கருகே கொண்டுபோனால் பெரிதாக வாசம் ஒன்றும் இல்லை. நாக்கில் வைத்தால் மட்டும் சுருக்கென்று இழுத்துப் பிடிக்கும். குவைத்திலிருந்து வருகிற நாச்சியாபுரத்து டிரைவர் ஒருவர் வருஷத்துக்கு ஒரு முறை கொண்டுவந்து தருகிறார். அனுப்புகிறவள் நூரா. அங்கே சீதை வேலை பார்த்த வீட்டுக் குழந்தை, பிறந்த நாள் முதல் அவள் இடுப்பில் தூக்கி வளர்த்த பெண். இப்போது கல்லூரியில் படிக்கிறாள்.

ஈஸ்வரனுக்கு அந்தப் பொடியைக் கண்டாலே ஆகாது. "காரம் இல்லாத செகப்பு எதுக்குக்கா? கோவில் திருவிழாவுல குதிரை பொம்மை கணக்கா, ஏறவும் முடியாது, ஓடவும் செய்யாது" என்பார். அந்த வெறுப்புக்கு ஒரு காரணம் உண்டு. ஒரு ஞாயிற்றுக்கிழமை நல்ல கூட்டம். கைக்கு எட்டின டப்பாவை வத்தல்பொடி என்று நினைத்து, மாஸ்டர் நாலு கரண்டி அள்ளிக் கோழிக் குழம்பில் கொட்டிவிட்டார். பெங்களூரிலிருந்து வந்த குடும்பம் ஒன்று, செட்டிநாட்டுக் குழம்பு இவ்வளவு புளிக்கும் என்று யாரும் சொல்லவில்லையே என்று கேட்டது. மாஸ்டர் அன்றைக்கு முழுக்க ஆளைப் பார்த்துப் பேசவில்லை. செட்டிநாட்டு அடுப்படியில் சிவப்பாக ஒரு பொடி இருந்தால் அது உறைக்கத்தான் செய்யும் என்று நம்பின குற்றம் ஒன்றுதான் அவர் மேல்.

அந்தச் செடியைச் சீதை கண்ணால் கண்டதில்லை. குவைத் வீட்டில் சமையல் பார்த்த உம்மு நபீல் என்கிற சிரியாக்காரம்மா சொல்லிக் கேட்டதுதான். மலைச் சரிவில், கல்லும் காய்ந்த மண்ணுமாக இருக்கிற இடத்தில், யாரும் தண்ணீர் ஊற்றாமலே வளருமாம். ஒன்றரை ஆள் உயரம். குளிருக்கு முன்னால் இலை எல்லாம் தீப்பிடித்த மாதிரி சிவக்குமாம். காய் கம்பங்கதிர் போல நிமிர்ந்து நிற்கும். ஒவ்வொன்றும் மிளகளவு, மேலே பூனை மயிர் மாதிரி சுணை. "இலையப் போட்டுத் தோலு பதப்படுத்துவாகளாம். நம்ம ஊர்ல ஆவாரம்பட்டை போடுறாகள்ல, அது கணக்கா" என்று சீதை விளக்குவாள். விடுதியில் தங்கின தாவரவியல் படித்த அம்மாள் ஒருவர், இது மாமரத்துக்கும் முந்திரிக்கும் சேராங்கொட்டைக்கும் ஒரே குடும்பம், இதிலேயே ஒன்றிரண்டு வகை தொட்டால் உடம்பெல்லாம் கொப்பளித்துவிடும் என்று சொல்லிவிட்டுப் போனார். சீதை யோசித்துவிட்டுச் சொன்னாள், "எல்லாக் குடும்பத்துலயும் அப்படி ஒண்ணு இருக்கத்தானே செய்யுது."

உம்மு நபீல் குழந்தை நூராவுக்கு ஒரு விடுகதை போடுவாளாம். மலை மேல் நிற்பான், சிவப்புக் குல்லாய் வைத்திருப்பான், தண்ணீர் கேட்க மாட்டான், கடித்தவனைக் கண்ணடிக்க வைப்பான். அவன் யார்? நூரா "சுமாக்!" என்று கத்திக்கொண்டே ஒரு கண்ணை மூடத் தெரியாமல் இரண்டு கண்ணையும் மூடுவாள். ஒவ்வொரு நாளும் அதே கேள்வி, அதே பதில், அதே கும்மாளம். இதைச் சொல்லும்போது மட்டும் சீதை வாய்விட்டுச் சிரிப்பாள். சிரிப்பு பாதியிலேயே நின்றுபோகும். "எம்மகளுக்கு நான் ஒரு கதைகூடச் சொன்னதில்ல" என்று பாத்திரத்தைத் தேய்க்க ஆரம்பித்துவிடுவாள்.

மகள் தீபலட்சுமி. செங்கல் லாரியிலிருந்து விழுந்து புருஷன் செத்தபோது அவளுக்கு இரண்டு வயது முடியவில்லை. நாச்சியாபுரத்தில் இருந்த அக்கா முத்தழகு, "புள்ளைய எங்கிட்டக் குடுடி, நீ போயிட்டு வா" என்றாள். முத்தழகுக்கு ஏற்கெனவே இரண்டு பையன்கள். அவர்களோடு இவளும் வளர்ந்தாள். பையன்களுக்குச் சீதை சித்தி. போனில் அவர்கள் சித்தி, சித்தி என்று கத்துவதைக் கேட்டு இவளும் ஒரு நாள் "சித்தி, எனக்குப் பொம்மை வாங்கிட்டு வாங்க" என்றாள். பேச்சு வந்த நாளிலிருந்து முத்தழகுதான் அம்மா.

"அன்னைக்கே சொல்லியிருக்கணும்" என்பாள் சீதை. "அடுத்த லீவுல நேருல சொல்லிக்கிடுவோம்னு விட்டேன். நேருல வந்தா, புள்ள அக்கா முந்தானைக்குப் பின்னால ஒளியுது. அதைப் போயி அதட்டவா முடியும்? வாயில வந்துருச்சு. விடு." யாரும் அவளிடமிருந்து பிள்ளையைப் பிடுங்கவில்லை, யாரும் பொய் சொல்லவில்லை. தீபாவுக்கு எல்லாம் தெரியும். தெரிந்துதான் சித்தி என்கிறாள். முத்தழகிடம் நீ, வா, போ. சீதையிடம் வாங்க, உக்காருங்க, சாப்பிட்டீகளா. வீட்டுக்கு வந்த மனுஷியை நடத்துகிற மரியாதை.

நூராவுக்கு எது பிடிக்கும் என்று கேட்டால் சீதை மூச்சுவிடாமல் சொல்வாள். முட்டையில் மஞ்சள்கரு இறுகியிருக்க வேண்டும், தக்காளித் தோல் ஆகாது, தயிரில் சர்க்கரை போட்டால் துப்பிவிடுவாள். தீபாவுக்கு எது பிடிக்கும் என்று கேட்டால், "அக்காவைக் கேக்கணும்" என்பாள். சொல்லிவிட்டுத் தரையைப் பார்ப்பாள்.

மகள் கல்யாணத்துக்காக வந்தவள் திரும்பிப் போகவில்லை. தாலி அறுத்தவள் மணையில் உட்காரக்கூடாதே, அதனால் அக்காவும் மாமாவும்தான் தாரை வார்த்தார்கள். சீதை அன்று முழுக்கப் பந்திக்குப் பின்னால் அப்பளம் பொரித்துக்கொண்டிருந்தாள். தீபா நெற்குப்பைக்கு வாழப் போனாள். மாப்பிள்ளை வீரபாண்டியன் நல்ல பையன், டிராக்டர் ஓட்டுகிறவன். போன வருஷக் கடைசியில் அவள் முழுகாமல் இருக்கிறாள் என்று செய்தி வந்தது. அந்த ஒரு நாள் மட்டும்தான் சீதை வெங்காயம் நறுக்க மறந்துபோனாள்.

ஆனால் அந்தப் பிள்ளைத்தாய்ச்சி பட்ட பாடு கொஞ்சமில்லை. வாய் புளிப்புக்கு ஏங்குகிறது. புளியைக் கரைத்த வாசம் வந்தாலோ ஓடிப்போய் வாந்தி. எலுமிச்சை நெஞ்சைக் கரிக்கிறது. ஊறுகாய் ஜாடியைத் திறந்தால் பக்கத்து அறையிலிருந்தே குமட்டுகிறாள். ஐந்தாம் மாதத்தோடு விட்டுவிடும் என்றார்கள். ஆறும் போய்விட்டது, விடவில்லை. கன்னம் ஒட்டி, தோள் எலும்பு துருத்தி, ஆஸ்பத்திரியில் படுக்க வைத்து டிரிப் ஏற்றும்படி ஆகிவிட்டது. வாரம் தவறாமல் சீதை எதையாவது சமைத்து எடுத்துக்கொண்டு நெற்குப்பைக்கு பஸ் ஏறுவாள். "வச்சுட்டுப் போங்க சித்தி, அப்புறமாச் சாப்பிடுறேன்" என்பாள் மகள். அடுத்த வாரம் டப்பா சுத்தமாகக் கழுவித் திரும்பி வரும். தின்றதா, கொட்டினதா என்று கழுவின டப்பாவைப் பார்த்து எப்படிக் கண்டுபிடிப்பது?

ஒரு நாள் அடுப்புக்கு முன்னால் நின்றபடியே ஈஸ்வரனிடம் உடைந்துவிட்டாள். "ஒரு வாயி மாஸ்டர். எங்கையால ஒரு வாயி அது தின்னு நான் பாக்கணும். அடுத்தவ புள்ளைக்கு இருவது வருசம் ஊட்டுன கை இது. எனக்கு வேற ஒண்ணும் வேணாம்." ஈஸ்வரன் கரண்டியை எடுத்துச் சும்மா கிண்டினார்.

வாசமே இல்லாத புளிப்பு ஒன்று தன் அலமாரியிலேயே இருப்பது அதன் பிறகுதான் அவளுக்கு உறைத்தது. குவைத் மேடம் நூராவைச் சுமந்தபோது இதைத்தான் வெள்ளரிக்காயில் தூவித் தூவித் தின்றாள். சீதை அவசரப்படவில்லை. டப்பாவோடு போய், மகளுக்கு வைத்தியம் பார்க்கிற டாக்டரம்மாவிடம் காட்டினாள். சாப்பாட்டில் தூவுகிற அளவுக்குத் தாராளமாகக் கொடுக்கலாம் என்றார் அவர். நெற்குப்பைக்குக் கொண்டுபோனாள். தீபாவின் மாமியார் டப்பாவைத் திறந்து பார்த்து, மூடி, கையிலேயே திருப்பிக் கொடுத்துவிட்டார். "கோவிச்சுக்கிடாதீக. வாயும் வயிறுமா இருக்கவளுக்கு அரபிப் பொடி எல்லாம் எதுக்கு? நாளைக்கு ஒண்ணுன்னா யாரு பதில் சொல்றது?"

"டாக்டரம்மா சொல்லுச்சு, கேட்டுட்டுத்தான்..."

"டாக்டரம்மா இதைத் தின்னா புள்ள பெத்துச்சு?" அதோடு பேச்சு முடிந்தது. கெட்ட மனுஷி இல்லை, பயந்த மனுஷி. சீதை "ஆகட்டும், பாப்போம்" என்று பஸ் ஏறினாள்.

ஏழாம் மாதம் கட்டுச்சோறு. தாய்வீட்டிலிருந்து ஐந்து வகைச் சோறு கட்டிக்கொண்டு போய், பெண்ணைச் சாப்பிட வைத்து, சொந்தக்காரர்களுக்கும் போட்டு, பேறுகாலத்துக்கு அழைத்து வருகிற வழக்கம். தாய்வீடு நாச்சியாபுரம்தான், அதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. முந்தின நாளே சீதை அங்கே போய்விட்டாள். சர்க்கரைப் பொங்கல், தேங்காய்ச் சோறு, எலுமிச்சை, தயிர்ச் சோறு நான்கையும் முத்தழகு தன் கையில் வைத்துக்கொண்டாள். "புளிச்சோறு நீ கிண்டுடி. பெத்தவ கையிதுன்னு ஒண்ணு இருக்கணுமில்ல" என்றாள். அன்பாகத்தான் சொன்னாள். பரிமாறுகிறது என்னவோ சுமங்கலிகள்தான். அதுவும் சீதைக்குத் தெரியும்.

அந்த அடுப்படியில் சீதை செய்ததை அக்காவிடம்கூடச் சொல்லவில்லை. புளியை ஊற வைக்கவே இல்லை. சுமாக்கை வெதுவெதுப்பான தண்ணீரில் போட்டு, வெள்ளைத் துணியில் வடிகட்டி, அந்தச் சிவந்த தண்ணீரைச் சோற்றில் விட்டுக் கிளறினாள். நல்லெண்ணெய், வறுத்த கடலைப்பருப்பு, வேர்க்கடலை. பெருங்காயம் கிடையாது, வெந்தயம் கிடையாது, வாசம் வருகிற எதுவும் கிடையாது. வாழையிலை விரித்த வாளியில் சோற்றை அழுத்தி மூடினாள்.

நெற்குப்பையில் கூடத்து நடுவில் தீபாவை உட்கார வைத்து, வளையல் அடுக்கி, சந்தனம் பூசி, இலை போட்டார்கள். முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டே அவள் தயிர்ச் சோற்றில் ஒரு பருக்கையைத் தொட்டாள். சீதை தூணுக்குப் பின்னால் நின்றாள். மற்றவர்களுக்குப் பந்தி போட்டார்கள். மாமியாரின் அக்கா, ஊரில் எந்தச் சீர் வந்தாலும் முதல் குறை சொல்லுகிற உரிமை பெற்றவர், ஒரு வாய் வைத்ததும் நிமிர்ந்தார்.

"ஏத்தா, இது என்ன சோறு?"

"புளிச்சோறு பெரியத்தா" என்றாள் பரிமாறினவள்.

"புளி எங்க இருக்கு? பீட்ரூட்டுச் சாறு பட்டது கணக்கா இருக்கு. கட்டுச்சோத்துக்குப் புளிச்சோறு இல்லாம வந்த சம்பந்தத்தை நான் இன்னைக்குத்தான் பாக்குறேன். தாய்வீட்டுல புளிக்குமா பஞ்சம் வந்துருச்சு?"

பந்தி முழுக்கச் சலசலத்தது. முத்தழகு ஒரு பருக்கையை எடுத்து வாயில் வைத்தாள். தங்கையைத் தேடித் தூண் பக்கம் பார்த்தாள். அவ்வளவுதான், அவளைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கொல்லைக்குப் போய்விட்டாள். "என் மானத்த வாங்கிட்டியேடி! இத்தனை வருசம் அவளுக்குக் காச்சல்னா நான் முழிச்சேன், தலைவலின்னா நான் முழிச்சேன். ஒரே ஒரு நாளு, ஒரே ஒரு சோறு உன்னைய நம்பி விட்டேன். அதுலயா இப்பிடிப் பண்ணுவ?" சொல்லச் சொல்ல அவளுக்கே அழுகை வந்துவிட்டது. முந்தானையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, கூடத்தில் மன்னிப்புக் கேட்க உள்ளே போனாள். என்ன இருந்தாலும் அவள் பேசினதில் ஒரு வார்த்தை தப்பில்லை.

பின்னாலேயே யாரோ அந்த வாளியைக் கொண்டுவந்து கொல்லைப்படியில் வைத்துவிட்டுப் போனார்கள். முக்கால் வாளிக்கு மேல் அப்படியே இருந்தது. சீதை அதன் பக்கத்தில் உட்கார்ந்தாள். அவளுக்கு அழுகைகூட வரவில்லை. இருபது வருஷத்து அலுப்பும் அன்றைக்கு ஒரே நாளில் முழங்காலில் இறங்கின மாதிரி இருந்ததாம். இனி இந்த வாசல்படி ஏறக்கூடாது, அடுத்த விசாவைப் பார்த்துக்கொண்டு போய்விட வேண்டும் என்று நினைத்தாளாம். அந்த வயதுக்கு யார் விசா கொடுக்கிறார்கள்?

வளையல் சத்தம் கேட்டது. திரும்பினால், தீபா சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள். நெற்றி முழுக்கக் குங்குமம், கன்னத்தில் காய்ந்த சந்தனம்.

"சித்தி. அந்தச் சோத்துல என்னத்தப் போட்டீக?"

சீதை எழுந்திருக்கப் பார்த்தாள். "ஒரு பொடித்தா. நான் அங்க இருந்து கொண்டாந்தது. டாக்டரம்மாகிட்டக் காட்டிட்டுத்தான் போட்டேன். உனக்கு ஒண்ணும் செய்யாது. உங்க மாமியா வேணாம்னாக, நாந்தான் மனசு கேக்காம..."

"அது கெடக்கட்டும். இலையில பக்கத்துலயேதான் இருந்துச்சு. எனக்குக் கொமட்டவே இல்ல." அவள் மெதுவாக வயிற்றைத் தாங்கிக்கொண்டு படியில் உட்கார்ந்தாள். வாளியை எட்டிப் பார்த்தாள். மூக்கைப் பொத்தவில்லை. "பசிக்குது" என்றாள். எத்தனையோ மாதமாக அந்த வீட்டில் யாரும் அவள் வாயிலிருந்து கேட்காத சொல்.

சீதை தட்டுக்காக உள்ளே ஓடப் போனாள். "தட்டெல்லாம் வேணாம். போனா எல்லாரும் வந்துருவாக" என்று தடுத்தாள் தீபா. வலக்கையைத் தூக்கிக் காட்டினாள். முந்தாநாள் மறுபடியும் டிரிப் ஊசி ஏற்றின இடம் புறங்கையில் நீலம் பாய்ந்து வீங்கியிருந்தது. "மடக்க முடியல. ஊட்டி விடுறீகளா?"

சீதை தொட்டித் தண்ணீரில் கையைக் கழுவினாள். கழுவின கையை மறுபடியும் கழுவினாள். வாளியிலிருந்து கொஞ்சம் சோற்றை எடுத்து, விரல் நுனியால் மசித்து, பருப்பு இருந்தால் பொறுக்கி ஒதுக்கி, நெல்லிக்காய் அளவுக்கு உருட்டினாள். தீபா வாயைத் திறந்தாள். வாங்கி, அப்படியே கண்ணை மூடி வைத்திருந்தாள். புருவம் சுளித்தது. சீதை, இதோ எழுந்து ஓடப்போகிறாள், இதோ தென்னைக்கு அடியில் குனியப்போகிறாள் என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். தீபா விழுங்கினாள். நாக்கால் உதட்டைத் துழாவினாள். மறுபடியும் வாயைத் திறந்தாள்.

இரண்டாவது உருண்டையும் போயிற்று, மூன்றாவதும் போயிற்று.

"பெருசாத்தான் உருட்டுங்களேன்" என்று வாயில் சோற்றோடு சிரித்தாள் தீபா. "இம்புட்டூண்டு உருட்டுனா எப்பப் பசியாறுறது? நான் என்ன கைப்புள்ளையா?"

"ஆகட்டும்த்தா" என்றாள் சீதை. சொன்னாளே ஒழிய, அடுத்ததையும் அதே அளவுக்குத்தான் அவள் விரல் உருட்டியது. வலக்கை உருண்டையை வாயருகே கொண்டுபோனது. இடக்கை தானாகவே எழுந்து, உள்ளங்கையைக் குழித்து, சிந்துவதைத் தாங்குவதற்காக மகளின் மோவாய்க்கு அடியில் போய் நின்றது.